எல்லோருக்கும் ஒரே கனவுலகமா?

ஜவ்வாது மலையின் அடிவாரத்தில் உள்ள ஒடுகத்தூரில் ஆட்டுச் சந்தைக்கு வந்தவர்களையோ, மலைக்கிராமங்களிலிருந்து இறங்கி வந்தவர்களையோ அழைத்து, "நீங்கள் அடிக்கடி காணும் கனவு எது?" என்று கேட்டுப் பாருங்கள். உயரத்திலிருந்து விழுதல், யாரோ துரத்தும்போது கால் நகராமல் தவித்தல், பல் விழுதல், பாம்பைக் காணுதல், இறந்துபோன பெரியவர் வீட்டுக்கு வருதல் என்று ஒரே பட்டியலைத்தான் பலரும் சொல்வார்கள். படித்தவர்கள் தேர்வுக்கு நேரம் கழித்துப் போய் நிற்கும் கனவையும் சேர்த்துக் கொள்வார்கள். சென்னையில் கேட்டாலும் சிகாகோவில் கேட்டாலும் பட்டியல் பெரிதும் மாறுவதில்லை.

இதிலிருந்து ஒரு கேள்வி எழுகிறது. நாம் உறங்கும்போது நம் உணர்வு உடலைவிட்டு அகன்று, எல்லோருக்கும் பொதுவான ஒரு கனவுலகில் உலவுகின்றதா? பகலில் நாம் யாவரும் ஒரே தெருவில் நடப்பதைப் போல, இரவிலும் ஒரே உலகில் சந்திக்கின்றோமா? "ஆம்" என்று சொன்னவர்கள் எல்லாக் காலத்திலும் இருந்திருக்கிறார்கள். அவர்களுள் அறிவியல் அறிஞர்களும் உண்டு. அவர்களுடைய எண்ணம் எவ்வாறு சோதிக்கப்பட்டது, அச்சோதனைகளில் கிடைத்தது என்ன என்பதை இக்கட்டுரையில் வரலாற்று முறையில் காண்போம்.

மூன்று கனவுகளும் ஒரு புலவரும்

நம் இலக்கியத்திலேயே இவ்வெண்ணத்தின் சாயல் உண்டு. சிலப்பதிகாரத்தில் புகாரில் இருக்கும் கண்ணகி வரப்போகும் துன்பத்தைக் கனவிற் கண்டு தன் தோழியிடம் சொல்கிறாள். பின்னர் மதுரைப் புறஞ்சேரியில் கோவலன் தான் கண்ட தீக்கனவை மாடலனிடம் சொல்கிறான். அதன்பின் அரண்மனையில் பாண்டிமாதேவி ஒரு தீக்கனவு காண்கிறாள். மூவர் கண்ட மூன்று கனவுகளும் ஒரே பேரழிவையே சுட்டுகின்றன.

காப்பியத்தில் இதற்கு விளக்கம் எளிது. மூன்று கனவுகளும் இளங்கோவடிகள் என்னும் ஒரே புலவரின் உள்ளத்தில் பிறந்தவை. ஆனால் மெய்யான வாழ்வில், தனித்தனியே உறங்கும் இருவர் ஒத்த கனவைக் கண்டால் அதற்கு என்ன காரணம் சொல்வது?

இதற்குத் தமிழகத்திலேயே புகழ்பெற்ற ஓர் எடுத்துக்காட்டு உண்டு. அதுதான் கணித மேதை சீனிவாச இராமானுஜனின் குடும்பம். நாமக்கல் நாமகிரித் தாயார் அவர்களுடைய குலதெய்வம். இராமானுஜனின் பாட்டியும் தாயார் கோமளத்தம்மாளும் அத்தாயாரிடம் ஆழ்ந்த பக்தி கொண்டவர்கள். தமக்குத் தோன்றும் சூத்திரங்களை நாமகிரித் தாயாரே கனவில் அருளுவதாக இராமானுஜன் நண்பர்களிடம் கூறுவதுண்டு. அவரைக் கேம்பிரிட்ஜுக்கு வருமாறு பேராசிரியர் ஹார்டி அழைத்தபோது, கடல் கடந்து செல்லத் தாயார் முதலில் இசையவில்லை. பிறகு ஒருநாள், தம் மகன் ஐரோப்பியர் நடுவே ஒரு பெரிய கூடத்தில் அமர்ந்திருக்கக் கனவு கண்டதாகவும், மகனுக்குக் குறுக்கே நிற்க வேண்டாமென்று நாமகிரித் தாயார் ஆணையிட்டதாகவும் அவரே சொல்லி இசைவு தந்தார் என்பர். 1914 மார்ச் 17 அன்று இராமானுஜன் சென்னையில் கப்பலேறினார்.

மகன் கனவிலும் தாய் கனவிலும் ஒரே தெய்வம். இருவரும் ஒரே கனவுலகுக்குச் சென்று வந்தார்களா? அல்லது ஒரே வீட்டில், ஒரே விளக்கின்முன், ஒரே பெயரைச் சொல்லி வளர்ந்ததனால் இருவர் உள்ளத்திலும் ஒரே உருவம் பதிந்திருந்ததா? இந்த இரண்டு விளக்கங்களையும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். கட்டுரை முழுதும் இவை இரண்டும்தான் மோதிக்கொள்ளப் போகின்றன.

தத்துவமும் உளவியலும்

மாண்டூக்ய உபநிடதம் உணர்வின் நிலைகளை விழிப்பு, கனவு, ஆழ்ந்த உறக்கம், துரியம் என நான்காக வகுத்தது. சைவ சித்தாந்தம் துரியாதீதத்தையும் சேர்த்து ஐந்து நிலைகள் என்றது. விழிப்பு, கனவு, கனவற்ற உறக்கம் ஆகிய மூன்றும் ஒன்றுக்கொன்று வேறுபட்ட நிலைகள் என்று கருவி ஏதுமின்றி உற்றுநோக்கலாலேயே கண்டறிந்தது வியப்புக்குரியது. இப்பகுப்பு சரியானதே என்பதைப் பின்னர் ஆய்வுக்கூடமும் காட்டியது.

இருபதாம் நூற்றாண்டில் சுவிட்சர்லாந்தின் உளவியலறிஞர் கார்ல் யுங், தனி மனிதனின் அடிமனத்துக்கும் கீழே மனித இனம் முழுமைக்கும் பொதுவான ஓர் அடிமனம் உண்டென்றார். அன்னை, முதியவர், பாம்பு போன்ற தொல்படிமங்கள் அங்கிருந்தே எல்லா நாட்டுக் கனவுகளிலும் புராணங்களிலும் தோன்றுகின்றன என்பது அவர் கொள்கை. 1938 சனவரியில் கல்கத்தாவில் நடந்த இந்திய அறிவியல் பேரவையின் வெள்ளி விழாவுக்கு அழைக்கப்பட்டு அவர் நம் நாட்டுக்கும் வந்தார். நோபல் பரிசு பெற்ற இயற்பியலறிஞர் வுல்ஃப்காங் பவுலி இவருடைய எண்ணங்களில் ஈடுபாடு கொண்டு, 1952இல் இவரோடு சேர்ந்து ஒரு நூலும் வெளியிட்டார்.

ஒன்றைக் கவனிக்க வேண்டும். பொது அடிமனம் என்பதை யுங் முதன்மையாகப் பரம்பரையாக வரும் ஓர் உள்ளமைப்பாகவே விளக்கினார். எல்லோருக்கும் ஐந்து விரல் இருப்பதைப் போல எல்லோருக்கும் ஒத்த மனச்சாயல் என்க. அதைக் கேட்ட பலர் "எல்லோரும் சென்று கூடும் ஓர் இடம்" என்று பொருள் செய்துகொண்டனர். இவை இரண்டும் வேறுவேறு. இரண்டாவதைச் சோதிக்க வேண்டுமானால், ஒருவர் மனத்திலிருந்து இன்னொருவர் மனத்துக்குச் செய்தி செல்கிறதா என்று பார்க்க வேண்டும்.

தொலைவிலுணர்தலைத் தேடியவர் கண்டெடுத்தது

அப்படித் தேடியவர்களுள் முதன்மையானவர் செருமானிய மருத்துவர் ஹான்ஸ் பெர்கர். 1890களின் தொடக்கத்தில் இராணுவப் பயிற்சியில் இருந்தபோது அவர் குதிரையிலிருந்து விழுந்து, பீரங்கி வண்டியின் சக்கரத்தில் சிக்காமல் மயிரிழையில் தப்பினார். அன்று மாலையே அவர் நலமா என்று கேட்டுத் தந்தையிடமிருந்து தந்தி வந்தது. தம்பிக்கு ஏதோ ஆபத்து என்று தொலைவில் இருந்த தமக்கையின் மனத்தில் பட்டதாம். தம் அச்சமே மூளையிலிருந்து ஓர் ஆற்றலாகப் புறப்பட்டுத் தமக்கையை அடைந்திருக்க வேண்டும் என்று பெர்கர் நம்பினார். அந்த ஆற்றலைத் தேடுவதற்காகவே மூளை ஆராய்ச்சியில் இறங்கினார்.

முப்பது ஆண்டுகள் உழைத்தபின் 1924இல், யேனா நகரில், மனிதத் தலையிலிருந்து மின்னலைகளைப் பதிவு செய்தார். 1929இல் அதை வெளியிட்டார். உலகம் உடனே நம்பிவிடவில்லை. 1934இல் கேம்பிரிட்ஜில் ஏட்ரியன், மாத்யூஸ் என்னும் இருவர் அதே சோதனையைத் தாமே செய்து அதே அலைகளைக் கண்டபின்தான் ஏற்றுக்கொண்டது. இன்று மருத்துவமனைகளில் இ.இ.ஜி. எனப்படும் மூளை மின்னலைப் பதிவு இவ்வாறு பிறந்ததே.

ஆனால் பெர்கர் தேடிய ஆற்றல் கிடைத்ததா? இல்லை. அதற்கான காரணத்தை நீங்களே கணக்கிட்டு அறியலாம். தலையின் மேற்பரப்பில் கிடைக்கும் மின்னழுத்தம் ஏறத்தாழ 50 மைக்ரோவோல்ட். கைவிளக்கில் போடும் 1.5 வோல்ட் மின்கலத்தோடு ஒப்பிட்டால் முப்பதாயிரத்தில் ஒரு பங்கு. மூளையின் காந்தப்புலத்தை 1968இல் டேவிட் கோஹன் முதன்முதலாக அளந்தார். அது பூமியின் காந்தப்புலத்தில் ஏறத்தாழ நாற்பது கோடியில் ஒரு பங்குதான். அதை அளப்பதற்கே வெளிக் காந்தப்புலங்கள் நுழையாத தனி அறை வேண்டியிருந்தது.

இன்னொன்றும் உண்டு. பெர்கர் கண்ட அலைகள் வினாடிக்குப் பத்து முறை அளவில் துடிப்பவை. அத்துடிப்பில் ஒரு மின்காந்த அலை வெளியேறினால் அதன் அலைநீளம் 30,000 கிலோமீட்டர். பூமியின் விட்டத்தைப்போல் இரு மடங்குக்கும் அதிகம். அலைநீளத்தோடு ஒப்பிடத்தக்க அளவுள்ள வான்கம்பிதான் அலையைத் திறம்பட அனுப்பும் என்பதை நீங்கள் பாடத்தில் படித்திருப்பீர்கள். ஒரு சாண் அளவுள்ள தலை அதற்கு எம்மாத்திரம்? ஆகவே வானொலி நிலையம் பாட்டை அனுப்புவதைப் போல மூளை கனவை அனுப்புகிறது என்னும் ஒப்புமை, இயற்பியலின் முன் நிற்பதில்லை.

மூடிய இமைக்குள் ஓடும் விழி

அடுத்த திருப்பம் 1953இல் சிகாகோ பல்கலைக்கழகத்தில் நிகழ்ந்தது. யூஜின் அசெரின்ஸ்கி என்னும் ஆய்வு மாணவரும் அவருடைய பேராசிரியர் நத்தேனியல் கிளைட்மனும், உறங்குவோரின் விழிகள் சில வேளைகளில் மூடிய இமைக்குள் விரைந்து அசைவதைப் பதிவு செய்தனர். விழியசையும் நேரத்தில் 27 முறை எழுப்பிக் கேட்டபோது 20 முறை தெளிவான கனவு கிடைத்தது. விழியசையாத நேரத்தில் 23 முறை எழுப்பியபோது 19 முறை எதுவுமே நினைவில் இல்லை.

விழியசைவு உறக்கம் ஏறத்தாழ 90 நிமிடங்களுக்கு ஒருமுறை வருகிறது. பெரியவர்களின் உறக்கத்தில் அது 100க்கு 20 முதல் 25 பங்கு. அந்நேரத்தில் உடலின் தசைகள் செயலற்றுத் தளர்ந்துவிடுகின்றன என்று 1959இல் பிரான்சின் மிஷேல் ழூவே பூனைகளில் காட்டினார். துரத்தப்படும் கனவில் கால் நகராமற் போவதற்கு இத்தளர்ச்சியே காரணம் என்று கருதுவோர் உண்டு.

"இவர் இப்போது கனவு காண்கிறார்" என்று வெளியிலிருப்பவர் பெரும்பாலும் சரியாகச் சொல்ல முடிந்தபின், பொதுக் கனவுலகக் கொள்கையையும் நேரடியாகச் சோதிக்க வழி பிறந்தது.

புரூக்ளின் சோதனை

நியூயார்க்கின் புரூக்ளின் பகுதியில் உள்ள மைமோனிடீஸ் மருத்துவமனையில் மாண்டேகு உல்மன், ஸ்டான்லி கிரிப்னர் ஆகியோர் 1960களில் அச்சோதனையைத் தொடங்கினர். ஒருவர் ஓர் அறையில் உறங்குவார். தொலைவிலுள்ள வேறோர் அறையில் மற்றொருவர், குலுக்கல் முறையில் தேர்ந்த ஓர் ஓவியத்தை உற்றுநோக்கி அதை மனத்தால் அனுப்ப முயல்வார். விழியசைவு தோன்றியதும் உறங்குபவரை எழுப்பிக் கனவைப் பதிவு செய்வார்கள். பின்னர், எந்த ஓவியம் அனுப்பப்பட்டது என்று அறியாத நடுவர்கள் கனவையும் பல ஓவியங்களையும் ஒப்பிட்டுப் பார்ப்பார்கள். மிக நேர்த்தியான திட்டம் என்றே சொல்ல வேண்டும்.

சில தொடர்களில் தற்செயலுக்கு மேற்பட்ட பொருத்தம் கிடைத்ததாக அவர்கள் அறிவித்தனர். உலகமே பரபரப்படைந்தது. ஆனால் வயோமிங் பல்கலைக்கழகத்தில் பெல்வெடியர், ஃபோக்ஸ் ஆகியோர் அச்சோதனையைத் திருப்பிச் செய்து, 1971இல் அம்முடிவு தமக்குக் கிடைக்கவில்லை என்று வெளியிட்டனர். மைமோனிடீஸ் ஆய்வுக்கூடம் 1978இல் மூடப்பட்டது. பெர்கரின் அலைகளை எதிர்பார்ப்பின்றிச் சோதித்தவர்களும் கண்டார்கள். புரூக்ளின் கனவுகளை மற்றவர்களால் காண முடியவில்லை. இரண்டுக்கும் உள்ள வேறுபாடு இதுதான்.

"ஆனால் என் கனவு பலித்ததே!"

"ஆய்வுக்கூடம் கிடக்கட்டும். நானும் என் அண்ணனும் ஒரே இரவில் ஒரே கனவைக் கண்டோமே!" என்று உங்களில் சிலர் கேட்கலாம். நேர்மையான கேள்விதான். இதற்கு விடை கணக்கில் இருக்கிறது.

2011ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின்படி தமிழ்நாட்டின் மக்கள்தொகை ஏறத்தாழ 7.2 கோடி. ஒருவர் ஓர் இரவில் நான்கு முறை கனவுநிலைக்குச் செல்வதாகக் கொண்டால், தமிழ்நாட்டில் மட்டும் ஓரிரவுக்கு 28 கோடிக்கு மேற்பட்ட கனவுகள். ஒரு கனவு உடன்பிறந்தவரின் கனவோடு வியக்கத்தக்க வகையில் ஒத்துப்போக ஒரு கோடியில் ஒரு வாய்ப்பே உண்டென்று வைத்துக்கொள்வோம். அப்போதும் ஒவ்வோர் இரவும் 28 வியப்புகள் நிகழும். ஓராண்டில் பத்தாயிரத்துக்கு மேல்! அவற்றைக் கண்டவர்கள் வாழ்நாள் முழுதும் சொல்லிக்கொண்டிருப்பார்கள். ஒத்துப்போகாத கோடிக்கணக்கான கனவுகள் விடிவதற்குள் மறந்துபோகும்.

இன்னொரு சான்று இதனினும் வலிமையானது. பிறவியிலேயே பார்வையற்றவர்களின் கனவுகளில் பொதுவாகக் காட்சிகள் இருப்பதில்லை. ஒலி, தொடுகை, மணம், சுவை ஆகியவற்றால் ஆனவை அவர்கள் கனவுகள். எல்லோரும் சென்று உலவும் பொதுவான கனவுலகம் ஒன்று இருக்குமாயின், அங்கே அவர்களும் மலையையும் நிலவையும் கண்டு திரும்ப வேண்டுமல்லவா? அவ்வாறு நிகழவில்லை. கனவின் மூலப்பொருள், கனவு காண்பவரின் சொந்த அனுபவமே என்பதை இது காட்டுகிறது.

அப்படியானால் நம் கனவுகள் ஏன் இவ்வளவு ஒத்திருக்கின்றன? ஏனெனில் நாம் ஒத்திருக்கிறோம். எல்லோருக்கும் ஒரே அமைப்புள்ள மூளை. எல்லோருக்கும் பல் விழுந்து முளைத்தது. எல்லோரும் விழ அஞ்சுகிறோம், பெரியோரை இழந்து வருந்துகிறோம், தேர்வுக்கு நடுங்குகிறோம். ஒரே வகை விதையை வெவ்வேறு ஊர்களில் விதைத்தாலும் ஒரே வகைச் செடி முளைக்கும். அதற்காக வேர்கள் நிலத்தடியில் பேசிக்கொண்டன என்று நாம் சொல்வதில்லை.

நீங்களே சோதித்துப் பார்க்கலாம்

இதை நம்ப வேண்டுமென்று கட்டாயமில்லை. செய்து பாருங்கள். ஒடுகத்தூரில் ஒருவர், வேறொரு தொலைவான ஊரில் ஒரு நண்பர் என இருவர் வேண்டும். ஒரே ஊராயின், அன்று பெய்த மழையும் நடந்த திருவிழாவும் இருவர் கனவிலும் நுழைந்து ஏமாற்றிவிடும். எட்டு இரவுகள், விழித்தவுடன், ஒருவரோடும் பேசாமல், கனவை எழுதி வையுங்கள். தேதி வேண்டாம், பின்புறத்தில் ஓர் அடையாளக் குறி போதும். மூன்றாமவர் ஒருவர் தாள்களைக் குலுக்கிக் கலக்கட்டும். எதையும் அறியாத நான்காமவர், உங்கள் எட்டுத் தாள்களையும் நண்பரின் எட்டுத் தாள்களையும் ஒரே இரவுக்குரியவை என்று தமக்குத் தோன்றும் வகையில் இணை சேர்க்கட்டும்.

தற்செயலாக மட்டும் எத்தனை இணைகள் சரியாக அமையும்? சராசரியாக ஒன்று. எட்டு இரவுக்குப் பதில் நூறு இரவு செய்தாலும் சராசரி ஒன்றுதான் என்பது கணிதத்தின் அழகுகளுள் ஒன்று. எட்டில் நான்கோ அதற்கு மேலோ சரியாக அமைய 100க்கு ஏறத்தாழ 2 வாய்ப்பே உண்டு. அப்படி அமைந்தால் மகிழ்ச்சி அடைவதற்கு முன் மீண்டும் ஒருமுறை, வேறு நடுவரைக் கொண்டு செய்து பாருங்கள்.

கனவின் கதவு முழுவதும் அடைபட்டதல்ல என்பதையும் சொல்ல வேண்டும். "இது கனவு" என்று அறிந்துகொண்டே கனவு காண்போர் சிலர் உண்டு. 1975இல் இங்கிலாந்தில் கீத் ஹெர்ன், அத்தகைய ஒருவர் கனவுக்குள்ளிருந்து முன்பே பேசிவைத்த விழியசைவால் சைகை தந்ததைப் பதிவு செய்தார். 2021இல் அமெரிக்கா, பிரான்சு, செருமனி, நெதர்லாந்து நாட்டு ஆய்வுக்கூடங்கள் நான்கு, 36 பேரிடம் செய்த சோதனைகளை ஒன்றாக வெளியிட்டன. எட்டிலிருந்து ஆறு போனால் எத்தனை என்பது போன்ற கேள்விகளை உறங்குபவரிடம் கேட்டு, விழியசைவில் விடை பெற்றனர். கனவென்று அறிந்த நிலை உறுதியான 158 முயற்சிகளில் 29 முறை சரியான விடை வந்தது. பெரும்பாலான முயற்சிகளில் விடையே வரவில்லை. ஆயினும் இது மெய்யான பாலம். காதுக்கு ஒலி, விழிக்கு அசைவு என்று நாம் அறிந்த வழியிலேயே அது சென்றது. கனவிலிருந்து இன்னொரு கனவுக்குச் செல்லும் தனி வழி எதுவும் அங்கே காணப்படவில்லை.

பொதுவான உலகம் எது?

இனி இராமானுஜனிடம் திரும்புவோம். தெய்வம் கனவில் தந்தது என்று அவர் சொன்னதை நாம் ஏளனம் செய்ய வேண்டியதில்லை. அது அவருடைய நம்பிக்கை, அவருடைய அனுபவம். ஆனால் மாணவர்கள் பலர் அந்தக் கனவை மட்டும் கேட்டு வைத்திருக்கிறார்கள். தாள் வாங்கப் பணமின்றிப் பலகையில் எழுதி, முழங்கையாலேயே அழித்து, மீண்டும் எழுதிய ஆண்டுகளைக் கேட்டதில்லை. மேதைமை கனவில் வருவது என்று எண்ணிவிட்டால், கனவு வராத மாணவன் புத்தகத்தை மூடிவிடுவான். இதனால் வரும் இழப்பு சிறிதன்று.

கனவில் வந்ததானாலும் விழிப்பில் வந்ததானாலும், இராமானுஜனின் முடிவுகள் ஒரே தராசில்தான் நிறுக்கப்பட்டன. ஓர் எண்ணுக்குக் கீழே எத்தனை பகா எண்கள் உண்டு என்பதற்கு அவர் 1913இல் ஹார்டிக்கு எழுதிய சூத்திரம், அவர் எண்ணிய அளவு துல்லியமானதன்று என்று ஹார்டியும் லிட்டில்வுட்டும் காட்டினர். 100க்குள் 25, 1000க்குள் 168 என்று பகா எண்களை யாரும் எண்ணிப் பார்க்கலாம். அங்கே எவர் கனவுக்கும் சலுகை இல்லை. மறுபுறம், அவர் குறிப்பேடுகளில் நிறுவல் இன்றி விட்டுச்சென்ற 3,000க்கு மேற்பட்ட முடிவுகளை, 1985 முதல் 1998 வரை வெளிவந்த ஐந்து தொகுதிகளில் புரூஸ் பெர்ன்ட் ஆராய்ந்தார். மிகச் சிலவே பிழையென்று தெரிந்தன. இராமானுஜனை உலகம் மதிப்பது இதனால்தான்.

ஒடுகத்தூரிலிருந்து பார்த்தால் தெரியும் அதே ஜவ்வாது மலைத்தொடரில்தான் காவலூர் வான் ஆய்வுக்கூடம் உள்ளது. 1968இல் தொடங்கப்பட்ட அது இன்று வைணு பாப்புவின் பெயரைத் தாங்கி நிற்கிறது. 1988 பிப்ரவரி 17 அன்று ஆர். இராஜமோகன் அங்கிருந்து ஒரு சிறுகோளைக் கண்டுபிடித்தார். 4130 என்னும் எண் பெற்ற அதற்கு இராமானுஜன் என்றே பெயரிட்டனர். அது இன்று எங்கே இருக்கும் என்பதைக் கணக்கிட்டுச் சொல்லலாம். அந்தத் திசையில் தக்க தொலைநோக்கியைத் திருப்பினால் சிலி நாட்டவரும் சப்பானியரும் அதே புள்ளியைக் காண்பர்.

நாம் எல்லோரும் பங்கு கொள்ளும் பொதுவுலகம் என்பது இதுவே. ஒருவர் கண்டதை இன்னொருவர் தாமே சென்று சரிபார்க்க முடிகின்ற உலகம். கனவுகள் அவரவர்க்கே உரியவை. அவற்றிலிருந்து ஓர் எண்ணம் பிறக்குமாயின் வரவேற்போம். விடிந்ததும் அதைப் பலகையில் எழுதி, பிறர் சரிபார்க்கத் தருவோம்.